காபிக்கொட்டை ரிப்போர்ட்டில் ‘காஃபியரின்’: இது காஃபீனா, எழுத்துப்பிழையா?

நாகலூர்க்காரி

வணக்கங்க. ஏற்காட்டுல நாகலூர் பக்கம் எங்களுக்கு நாலு ஏக்கர் காபி. சில்வர் ஓக் நிழல், மரத்துல மிளகுக்கொடி, மலையில எல்லாரும் வெச்சிருக்கற மாதிரிதான். இந்த வருசம் மூட்டையா வியாபாரிக்குப் போடாம, நாமளே வறுத்து அரைச்சு பாக்கெட் போடலாம்னு இறங்கியிருக்கோம். பாக்கெட் பின்னாடி கொட்டையில என்னென்ன இருக்குன்னு தமிழ்லயே அச்சடிக்கணும்னு எனக்கு ஆசை.

அதுக்காக ஒரே மூட்டையில எடுத்த பச்சைக்கொட்டையை ரெண்டு லேபுக்கு அனுப்பினேன். ரெண்டும் அராபிகாதான், வேற கலப்பு இல்ல.

முதல் ரிப்போர்ட்: காஃபீன் 1.1%, ட்ரைகோனெலின் 0.94%.

ரெண்டாவது: காஃபீன் 1.1%, காஃபியரின் 1.19%.

சேலத்துல அச்சகத்துக்கு ரெண்டையும் அனுப்பி வெச்சேன். டிடிபி பண்ற தம்பி ‘காஃபியரின்’ தப்புன்னு நெனச்சு ‘காஃபீன்’னு திருத்திட்டான். இப்ப ப்ரூஃப்ல காஃபீன் ரெண்டு வரி நிக்குது, ஒன்னு 1.1, இன்னொன்னு 1.19!

இதுக்கு நடுவுல என் அண்ணன் பையன் போன்ல தேடிப் பாத்து, ட்ரைகோனெலினுக்கு ‘1-மெத்தில்பிரிடினியம்-3-கார்பாக்சிலேட்’னு ஒரு பேரும் ‘என்-மெத்தில்நிகோட்டினேட்’னு இன்னொரு பேரும் சொன்னான். அப்பா காதுல ‘நிகோட்டின்’ மட்டும்தான் விழுந்துச்சு. “நம்ம தோட்டத்துல எப்ப பொகையிலை நட்டோம்?”னு ஆரம்பிச்சவர் இன்னும் நிறுத்தல.

காஃபியரின்னா என்ன? ரெண்டு லேபும் ஒரே பொருளைத்தான் சொல்றாங்களா? அப்படின்னா எண்ணு ஏன் வேற? வெள்ளிக்கிழமை அச்சுக்குக் குடுத்தாகணும்.

ஐந்துரோடு

டைப்பிங் மிஸ்டேக்தான். காஃபீன்னு போட்டு விடுங்க.

கொண்டலாம்பட்டி குமார்

அவங்க எழுதினதைப் படிச்சீங்களா ஐந்துரோடு? அதே ரிப்போர்ட்ல காஃபீன் தனியா 1.1னு இருக்கே. ஒரே பொருளை ஒரே தாள்ல ரெண்டு தடவை எதுக்கு அளக்கப் போறாங்க?

ஆத்தூர் ரிட்டயர்டு வாத்தியார்

குமார் சொல்வது சரி. எழுத்துப்பிழை இல்லை அம்மா. காஃபியரின் என்பது ட்ரைகோனெலினுக்கு உள்ள பழைய பெயர். காபியில் இதைக் கண்டவர் புதுப் பொருள் என்று நினைத்து, காபியை வைத்தே பெயரிட்டார். அது வெந்தயத்தில் ஏற்கெனவே கிடைத்த அதே பொருள்தான் என்பது பிறகு தெரிந்தது. வெந்தயத்திலிருந்து 1885-ல் பிரித்தெடுத்தவர் யான்ஸ் என்ற ஜெர்மானியர். வெந்தயத்தின் தாவரவியல் பெயர் ட்ரைகோனெல்லா, ‘சின்ன முக்கோணம்’ என்று பொருள், பூவின் வடிவத்தால் வந்தது. அதன் வால் பகுதியில் ஆல்கலாய்டுகளுக்கு (தாவரங்களில் கிடைக்கும், நைட்ரஜன் உள்ள பொருள்கள்) வழக்கமாகச் சேர்க்கும் ‘இன்’னைச் சேர்த்தால் ட்ரைகோனெலின். ஆக, உங்கள் காபிக்கொட்டை வெந்தயத்தின் பெயரைச் சுமந்துகொண்டிருக்கிறது.

இன்று ஆய்வுக்கட்டுரைகளில் ட்ரைகோனெலின் என்றுதான் வரும். காஃபியரினைப் பழைய நூல்களிலும், ரசாயனப் பட்டியல்களில் ‘வேறு பெயர்கள்’ என்ற வரியிலும் பார்க்கலாம். காஃபீனோடு குழப்பிக்கொள்ள இதைவிடத் தோதான பெயர் கிடையாது. அது வழக்கொழிந்ததே நல்லது என்பேன்.

எண் ஏன் மாறுகிறது என்பதற்கு எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. இரண்டாவது ரிப்போர்ட்டில் அந்த வரிக்குப் பக்கத்திலோ அடிக்குறிப்பிலோ கோடு போட்டுப் பிரித்த ஓர் எண் இருக்கிறதா? சிஏஎஸ் எண் என்பார்கள். ஒரு பொருளுக்கு எத்தனை பெயர் இருந்தாலும் அந்த எண் ஒன்றுதான். பார்த்துச் சொல்லுங்கள்.

நாகலூர்க்காரி

சார், நன்றிங்க. அடியில பொடி எழுத்துல ‘ஸ்டாண்டர்டு: 6138-41-6’னு இருக்கு. முதல் ரிப்போர்ட்ல 535-83-1. காஃபீனுக்கு ரெண்டுலயும் 58-08-2.

ஆத்தூர் ரிட்டயர்டு வாத்தியார்

விஷயம் அங்கேதான் இருக்கிறது. 535-83-1 என்பது வெறும் ட்ரைகோனெலின். 6138-41-6 என்பது ட்ரைகோனெலின் ஹைட்ரோகுளோரைடு, அதாவது ஹைட்ரோகுளோரிக் அமிலத்தோடு சேர்ந்த உப்பு. ஒப்பிட்டுப் பார்க்க இரண்டாவது லேப் வாங்கி வைத்திருப்பது இந்த உப்பு. உப்பின் எடையிலேயே விடையையும் எழுதிவிட்டார்கள். கொட்டையில் இருப்பது அந்த உப்பு அல்ல, அதனால் மாற்றிக் கணக்கிட வேண்டும்.

ட்ரைகோனெலினின் மூலக்கூறு எடை 137.14. உப்பின் எடை 173.60. முதலாவதை இரண்டாவதால் வகுத்தால் 0.79. உங்கள் 1.19-ஐ 0.79-ஆல் பெருக்கிப் பாருங்கள்.

நாகலூர்க்காரி

0.94!!! அச்சு அசலா முதல் ரிப்போர்ட் எண்ணேதான். நான் ஒரு வாரமா ‘ஒரு லேப் ஏமாத்திருச்சு’ன்னு வீட்டுல எல்லார்கிட்டயும் சொல்லிட்டுத் திரியறேன்.

கொண்டலாம்பட்டி குமார்

சார், அந்த நீள ரசாயனப் பேரையும் கொஞ்சம் பிரிச்சுச் சொல்லுங்களேன். எனக்கு பிளஸ் டூ கெமிஸ்ட்ரி ஞாபகம் இருக்கு, ஆனா ‘இனியம்’ கேள்விப்பட்டதா தெரியல.

ஆத்தூர் ரிட்டயர்டு வாத்தியார்

நடுவிலிருந்து தொடங்குவோம். பென்சீன் வளையம் தெரியும், ஆறு கார்பன். அதில் ஒரு கார்பனை எடுத்துவிட்டு நைட்ரஜனை உட்கார வைத்தால் பிரிடின். எண்ணிக்கை அந்த நைட்ரஜனில் ஆரம்பிக்கும், அதுதான் 1. ‘1-மெத்தில்’ என்றால் அந்த நைட்ரஜன் மேலேயே ஒரு மெத்தில் தொகுதி (ஒரு கார்பன், மூன்று ஹைட்ரஜன்) ஏறி உட்கார்ந்திருக்கிறது. தாங்க வேண்டிய அளவுக்கு மேல் ஒரு பிணைப்பைத் தாங்குவதால் நைட்ரஜனுக்கு நேர்மின் சுமை வந்துவிடும், அந்தச் சுமையைச் சொல்வதுதான் ‘இனியம்’. அம்மோனியா அம்மோனியம் ஆவதைப் பாடத்தில் படித்திருப்பீர்களே, அதே சங்கதிதான். ‘3-கார்பாக்சிலேட்’ என்பது மூன்றாவது இடத்தில் தொங்கும் அமிலத் தொகுதி. அது தன் ஹைட்ரஜனை விட்டுவிட்டு எதிர்மின் சுமையோடு நிற்கிறது.

ஒரே மூலக்கூறில் கூட்டலும் கழித்தலும், மொத்தத்தில் சுமை பூச்சியம். இப்படி நிற்பவற்றை பீட்டைன் என்பார்கள். அந்தப் பெயர் பீட்ரூட் குடும்பத்திலிருந்து வந்தது, முதலில் கிடைத்தது சர்க்கரை பீட்டில். (தாவரத்தின் பெயரை ரசாயனத்துக்கு வைப்பதில் அந்தக் கால வேதியியலாளர்களுக்குச் சலிப்பே கிடையாது.) ஹைட்ரோகுளோரிக் அமிலம் வந்தால் கார்பாக்சிலேட் அதிலிருந்து ஹைட்ரஜனை வாங்கிக்கொள்ளும், குளோரைடு துணைக்கு நிற்கும். இரண்டாவது லேபின் உப்பு அதுதான்.

மின்சுமை இருப்பதால் தண்ணீரில் நன்றாகக் கரையும். டிகாக்‌ஷனில் இறங்கிவிடும்.

இனி உங்கள் அப்பாவுக்கு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் புகையிலையின் நிகோட்டினை ஆக்சிஜனேற்றம் செய்தபோது ஓர் அமிலம் கிடைத்தது, அதற்கு நிகோட்டினிக் அமிலம் என்று பெயரிட்டார்கள். அந்த அமிலம் நாய்களின் கருநாக்கு நோயைக் குணப்படுத்துகிறது என்று 1937-ல் அமெரிக்க உயிர்வேதியியலாளர் எல்வெஹெம் காட்டினார். நாம் இன்று பி3 வைட்டமின் என்பது அதைத்தான். நிகோட்டினின் வேலை எதுவும் அதற்குக் கிடையாது. அமெரிக்காவில் 1940-களில் ரொட்டி மாவில் இதைச் சேர்த்தபோது அங்கேயும் மக்கள் உங்கள் அப்பா மாதிரியே மிரண்டார்கள். அதனால்தான் ‘நயாசின்’ என்று ஒரு புதுப் பெயரைக் கட்டினார்கள். ட்ரைகோனெலின், அந்த நிகோட்டினிக் அமிலத்தின் நைட்ரஜனில் ஒரு மெத்தில் சேர்ந்தது. தோட்டத்தில் புகையிலை இல்லை என்று தைரியமாகச் சொல்லலாம்.

செவ்வாய்ப்பேட்டை ரோஸ்டர்

அக்கா, ஒரு விஷயம். வாத்தியார் கணக்கெல்லாம் பிரமாதம், ஆனா நீங்க விக்கப்போறது பச்சைக்கொட்டையா, வறுத்த பொடியா?

டிரம்முல 200 டிகிரிக்கு மேல போகுது. காஃபீன் பெரும்பாலும் தாக்குப் பிடிச்சிரும். ட்ரைகோனெலின் அப்படி இல்ல, வறுக்க வறுக்கச் சிதையும். கறுக்க வறுத்தா பெரும்பகுதி போயிரும். போறதுல கொஞ்சம் வாத்தியார் சொன்ன அதே நிகோட்டினிக் அமிலமா மாறும், கொஞ்சம் வாசனையா மாறும். நம்ம தெருவுல காலையில ரோஸ்டர் ஓடும்போது வர்ற மணத்துல இதுக்கும் பங்கு உண்டு. பச்சையில எடுத்த 0.94-ஐ பொடி பாக்கெட்ல போட்டீங்கன்னா அது பொய்யாயிரும், தெரியாம சொன்னாலும் பொய்தான்.

அடுத்தது சிக்கரி. கலக்கப் போறீங்களா? கலந்தா சட்டப்படி காபி 51 சதவீதத்துக்குக் குறையக் கூடாது, காபி எவ்வளவு, சிக்கரி எவ்வளவுன்னு பாக்கெட்ல போட்டே ஆகணும். அப்ப இந்த எண்ணெல்லாம் இன்னும் மாறும்.

நாகலூர்க்காரி

சிக்கரி வேண்டாம்னு அப்பா பிடிவாதம் தம்பி. ஆனா வறுத்தா மாறும்ங்கறதை நான் யோசிக்கவே இல்ல. ரெண்டு லேபுக்கும் பச்சையைத்தான் அனுப்பினேன். ‘நயாசின் நிறைந்த காபி, சர்க்கரைக்கு நல்லது’ன்னு ஒரு வரி வேற யோசிச்சு வெச்சிருந்தேன், வெந்தயத்துலயும் இருக்குன்னு படிச்சதால.

ஆத்தூர் ரிட்டயர்டு வாத்தியார்

அந்த வரியைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள் அம்மா. வெந்தயத்திலும் இருக்கிறது என்பதற்காகக் காபி வெந்தயம் ஆகிவிடாது. நோயைக் குணப்படுத்தும் என்று உணவுப் பொட்டலத்தில் எழுதுவதற்குச் சட்டமும் இடம் கொடுக்காது.

கொண்டலாம்பட்டி குமார்

நானும் அச்சுத் தொழில்தான், அதனால ஒரு வார்த்தை. டிடிபி தம்பியைத் திட்டாதீங்க. எங்க கண்ணுக்கு அது பிழையாத்தான் தெரியும். இனிமே இந்த மாதிரி பேர் வந்தா பக்கத்துல ‘இப்படியே இருக்கட்டும்’னு பேனாவால எழுதிக் குடுங்க, தொட மாட்டான். போடறதா இருந்தா ‘ட்ரைகோனெலின்’னே போடுங்க.

நாகலூர்க்காரி

எல்லாருக்கும் நன்றிங்க. முடிவு இதுதான்: அந்த ரெண்டு வரியையும் தூக்கியாச்சு. ‘ஏற்காடு அராபிகா, சிக்கரி கலக்காதது’, வறுத்த தேதி, எடை, விலை, இவ்வளவுதான் முதல் ஆயிரம் பாக்கெட்ல. வறுத்த பொடியை முதல் லேபுக்கே திரும்ப அனுப்பறேன், அது வந்தப்புறம் அடுத்த அச்சுல பாத்துக்கலாம்.

ரெண்டாவது லேபுக்குப் போன் பண்ணி உப்புக் கணக்கைக் கேட்டேன். ஸ்டாண்டர்டு பாட்டில் மேல ரெண்டு பேரும் இருக்கறதாவும், பையன் கீழ இருந்த பேரை எழுதிட்டதாவும் சொன்னாங்க. திருத்தின ரிப்போர்ட் தர்றாங்களாம்.

அப்பாகிட்ட நயாசின் கதையைச் சொன்னேன். முழுசும் கேட்டுட்டு, “அப்ப மொத மொதல்ல எடுத்தது பொகையிலையில இருந்துதானே?”ங்கறாரு.