ஹிந்தி சப்டைட்டிலும் கால் முளைத்த வட்டமும்

தில்லி ஆர்.கே.புரத்தில் குடியிருக்கிறோம். எதிர்வீட்டு ஆன்ட்டிக்கு மீரட் பக்கம். தமிழ்ப் படம் ஒன்று பார்க்க வேண்டும் என்றார். ஹிந்தி சப்டைட்டில் தேடி எடுத்து, பழைய லேப்டாப்பில் போட்டேன். முதல் வசனம் வந்ததும் ஆன்ட்டி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். திரையில் தலைக்கு மேல் கோடு போட்ட ஆங்கில 'ஏ', பக்கத்தில் நாலு மூலையிலும் கால் முளைத்த குட்டி வட்டம், நடுநடுவே ஜப்பான் யென் குறி. "யே கௌன் ஸீ பாஷா ஹை, பேட்டா?" இது எந்த மொழி என்று கேட்கிறார்.

கோப்பில் கோளாறு இல்லை. எஸ்ஆர்டி எனும் சப்டைட்டில் கோப்பு வெறும் எழுத்துக் கோப்பு. எந்த என்கோடிங், அதாவது எழுத்துகளை எண்களாகச் சேமிக்கும் எந்த முறை என்று தானாகச் சொல்லாது. எல்லா மொழிகளுக்கும் பொதுவான யூடிஎஃப்-8 என்கோடிங்கில், ஹிந்தி எழுதும் தேவநாகரி எழுத்து ஒவ்வொன்றும் 3 பைட். ப்ளேயர் அதை மேற்கத்திய என்கோடிங் என்று நினைத்துக்கொண்டால் ஒவ்வொரு பைட்டும் தனித்தனிக் குறியாகிவிடும். சப்டைட்டில் என்கோடிங்கை யூடிஎஃப்-8 ஆக்கி, படத்தை மூடித் திறந்தேன், சரியாகிவிட்டது. விஎல்சி ப்ளேயரில் இந்த இடம் டூல்ஸ், ப்ரிஃபரன்சஸ், சப்டைட்டில்ஸ்.

* * *

மேல எழுதினவர் சொன்ன அந்தக் கால் முளைச்ச வட்டம் வந்தா ஹிந்தி. அதே இடத்துல வட்டத்துக்குள்ள 'ஆர்' வந்தா தமிழ்க் கோப்பு. எனக்கு ரெண்டும் வந்திருக்கு. நான் பண்ணின கூத்தைக் கேளுங்க. நோட்பேடுல திறந்து ரெண்டு வரி திருத்தி, 'ஆன்சி'ங்கிற பழைய என்கோடிங்ல சேவ் பண்ணிட்டேன். எச்சரிக்கை ஒண்ணு வந்துச்சு, படிக்காமலே ஓகே குடுத்தேன். படம் முழுக்க வெறும் கேள்விக்குறி. எழுத்தே அழிஞ்சு போச்சு, எந்த செட்டிங்கும் திருப்பித் தராது. மறுபடி டவுன்லோடுதான்.

* * *

மேலே இருவர் சொன்னது போக, என்கோடிங் மாற்றியும் சரியாகாத வகை ஒன்று உண்டு. டிடிபி வேலையில் பத்து வருஷம் இருந்ததால் பார்த்ததும் தெரிந்தது. நண்பர் அனுப்பிய கோப்பில் எல்லாம் சாதாரண ஆங்கில எழுத்து, ஆனால் அர்த்தமில்லை. பாதி வரிகள் சின்ன 'ஜி', பெரிய 'எஸ்' என்று முடிந்தன. அது க்ருதி தேவ், ஆங்கில எழுத்துகளின் இடத்தில் ஹிந்தி வடிவங்களை வைத்த பழைய ஃபாண்ட். அதில் அந்த இரண்டு விசையும் சேர்ந்தால் 'ஹை'. ஹிந்தி வாக்கியம் எதில் முடியும் என்று யோசித்துப் பாருங்கள்! நம் பழைய தமிழ் ஃபாண்ட் பாமினி மாதிரிதான். யூனிகோட் கன்வர்ட்டரில் போட்டு எடுங்கள். நேரக் குறிகளைத் தொடாமல் வசன வரிகளை மட்டும் மாற்றுங்கள். நான் மொத்தமாகப் போட்டு, நேரக் குறிகளுக்கு நடுவே இருக்கும் அம்புக்குறிகளையும் கெடுத்துவிட்டு ஒரு ராத்திரி உட்கார்ந்து சரிசெய்தேன்.

* * *

எனக்கு டிவியில் சிக்கல். பென்டிரைவில் போட்டால் எழுத்து ஹிந்திதான், படித்தால் ஹிந்தி இல்லை. 'தில்' என்பது 'தலி' மாதிரி நின்றது. ஹிந்தியில் இகரக் குறி கோப்பில் எழுத்துக்குப் பின்னால் இருக்கும், திரையில் முன்னால் வர வேண்டும். அந்த இடமாற்றத்தை ப்ளேயர் செய்யாவிட்டால் குறி அடுத்த எழுத்தோடு ஒட்டிக்கொள்ளும். பழைய மொபைல்களில் 'பெண்' என்று எழுதினால் கொம்பு 'ப'வைத் தாண்டி நின்றதே, அதே கதை. டிவியில் மாற்ற எதுவுமில்லை. ஹேண்ட்பிரேக் என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் சப்டைட்டிலைப் படத்தோடு பதித்துவிடும்படி 'பர்ன் இன்' கொடுத்து, இரவு ஓடவிட்டுப் படுத்தேன். காலையில் தயார்.

வெறும் கட்டம் கட்டமாக வந்தால் ஃபாண்ட் இல்லை என்று அர்த்தம். விண்டோஸ் 8 முதல் இருக்கும் நிர்மலா யூஐ ஃபாண்டில் தமிழும் உண்டு, ஹிந்தியும் உண்டு.

* * *

நான் முதலில் எழுதியவன்தான். ஆன்ட்டி வீட்டு டிவியிலும் அந்தத் 'தலி' வியாதி. பதித்துக் கொடுத்தேன். இப்போது சனிக்கிழமை காலையில் காலிங் பெல் அடித்தால், கையில் பென்டிரைவும் ஒரு டப்பா மட்ரி என்ற வடநாட்டுப் பலகாரமும்.