சியாங் மாய் மலைக்காட்டில் 3 நாள் நடை, மலைவாழ் மக்களின் ஊர்களில் இரவுத் தங்கல்: எப்படித் தயாராவது?

தேனருவி:
வணக்கம். வட தாய்லாந்தில் சியாங் மாயிலிருந்து கிளம்பி, மூன்று பகல் இரண்டு இரவு காட்டுக்குள் நடந்து, கரென், லாகு மக்களின் ஊர்களில் தங்கும் டிரெக்கிங் போக ஆசை. நான், கணவர், தம்பி, 61 வயது அப்பா என்று நான்கு பேர். அப்பாவுக்கு சர்க்கரை, பிரஷர் எதுவும் இல்லை. தினமும் ஒரு மணி நேரம் நடப்பவர், ஆனால் சமதரையில்தான். நானும் அப்பாவும் சுத்த சைவம், முட்டையும் சேர்ப்பதில்லை. தம்பிக்கு மார்ச் கடைசி, ஏப்ரல் முதல் வாரம் லீவு வசதியாக இருக்கும் என்பதால் அப்போது போகலாமா என்று பார்க்கிறோம். எந்தப் பகுதி நல்லது, கைடிடம் என்ன கேட்க வேண்டும், சாப்பாடு எப்படி, அட்டை, மலேரியா பயம் உண்டா, என்னென்ன எடுத்துப் போவது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

மலைமுகடு:
முதலில் தேதியை மாற்றுங்கள். மற்றதெல்லாம் பிறகு. பிப்ரவரி பாதியிலிருந்து ஏப்ரல் பாதி வரை அந்தப் பக்கம் முழுக்கப் புகை. வயல் கழிவு, மக்காச்சோளத் தட்டை, காட்டுத் தீ எல்லாம் சேர்ந்து எரியும். மலைகள் சூழ்ந்த பள்ளத்தாக்கு என்பதால் புகை வெளியேறாமல் அங்கேயே தேங்கிவிடும். காற்று மோசமான நகரங்களின் உலகப் பட்டியலில் அந்த வாரங்களில் சியாங் மாய் முதலிடத்துக்கே வருவதுண்டு. காற்றில் மிதக்கும் நுண்துகளின் (பி.எம். 2.5) அளவு கன மீட்டருக்கு 100 மைக்ரோகிராமைத் தாண்டும் நாட்கள் உண்டு. உலக சுகாதார நிறுவனம் ஒரு நாளைக்குச் சொல்லும் வரம்பு 15. அதில் மூச்சு வாங்க மலை ஏறுவது நல்லதல்ல, 61 வயதுக்காரருக்கு வேண்டவே வேண்டாம். வெயிலும் 40 டிகிரியைத் தொடும். எதிரே இருக்கும் மலைகூடத் தெரியாது.

நவம்பர் முதல் ஜனவரி வரைதான் சரியான காலம். அரையாண்டு விடுமுறையோ பொங்கலோ ஒத்துவந்தால் அப்போது போங்கள். டிசம்பர் கடைசி வாரம் மட்டும் கூட்டம் நெரியும். ஜூன் முதல் அக்டோபர் வரை மழை. காடு பச்சைப்பசேலென்று இருக்கும், ஆனால் பாதை முழுக்கச் செம்மண் களி. செருப்பில் அப்பிக்கொண்டு கல் கட்டியதுபோல் கனக்கும், இறக்கத்தில் வழுக்கும். முதல் தடவை போகிறவர்களுக்கு அது வேண்டாம்.

பகுதி என்று பார்த்தால், நகரத்துக்குத் தென்மேற்கே மே வாங், வடக்கே மே தேங் இரண்டும்தான் கடைகளில் அதிகம் விற்கும் வழிகள். மே வாங்கில் பெரும்பாலும் கரென் ஊர்கள். மே தேங்கில் லாகு, லிசு ஊர்களும் உண்டு. இரண்டிலுமே மூங்கில் தெப்பம், அருவி, யானை என்று எல்லாவற்றையும் ஒரே பொட்டலமாகக் கட்டித் தருவார்கள். கூட்டம் குறைவாக வேண்டுமென்றால் சியாங் தாவ் பக்கம் அல்லது தோய் இந்தனோன் மலையடிவாரத்துக் கரென் ஊர்கள். அந்த மலை 2,565 மீட்டர், தாய்லாந்திலேயே உயரமானது. நீங்கள் தங்கும் ஊர்கள் பெரும்பாலும் 700 முதல் 1,200 மீட்டருக்குள் இருக்கும், ஆகவே உயரத்தால் வரும் தலைவலி, மயக்கம் பற்றிக் கவலை வேண்டாம். அகா மக்களின் ஊர்கள்தான் பார்க்க வேண்டுமென்றால் சியாங் ராய் போக வேண்டும்.

பணம் கட்டுவதற்கு முன் கேட்க வேண்டியவை: கைடுக்கு அரசு உரிம அட்டை இருக்கிறதா? இரவு தங்கும் ஊரின் பெயர் என்ன, ஒரு குடும்பத்தின் வீடா, அல்லது டூரிஸ்டுகளுக்கென்று ஊருக்கு வெளியே கட்டிய கொட்டகையா? அந்த வீட்டுக்கு ஓர் ஆளுக்கு எவ்வளவு போகிறது? குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர்? முதல் நாள் எத்தனை மணிக்கு நடக்கத் தொடங்குவோம்?

கடைசிக் கேள்வியைச் சாதாரணமாக நினைக்காதீர்கள். மலிவான டூர்களில் ஒன்பது மணிக்கு நகரத்தைவிட்டுக் கிளம்பி, சந்தையில் நிறுத்தி, யானையைக் காட்டி, சாப்பிட வைத்து, மதியம் ஒன்றரைக்கு உச்சி வெயிலில் செங்குத்தான ஏற்றத்தில் விடுவார்கள். புதியவர்கள் சுருண்டு உட்காருவது அந்த முதல் இரண்டு மணி நேரத்தில்தான். நான்கு பேர் இருப்பதால் தனிக் குழுவாகப் பேசி, பதினோரு மணிக்குள் நடக்கத் தொடங்கும்படி கேளுங்கள்.

இன்னொன்று: கைடு உரிமம் தாய்லாந்துக் குடிமக்களுக்கு மட்டுமே. மலைவாழ் மக்களில் பலருக்கு இன்னும் குடியுரிமை கிடைக்கவில்லை. அதனால் நகரத்துக் கைடு ஒருவர், காடு தெரிந்த ஊர்க்காரர் ஒருவர் என்று இரண்டு பேர் வருவதுதான் முறையான ஏற்பாடு. ஊர்க்காரரே இல்லாமல் கூட்டிப் போகும் டூரைத் தவிர்த்துவிடுங்கள். காட்டில் பாதை பிரியும் இடத்தில் அவருக்குத் தெரிவது மற்றவருக்குத் தெரியாது. அவர் கூலியும் அந்த மலையிலேயே தங்கும். யானைச் சவாரி அட்டவணையில் இருந்தால் எடுத்துவிடச் சொல்லலாம், பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள்.

வாழையிலை:
சைவத்தைப் பற்றி நான் சொல்கிறேன், அங்கே பெரும்பாலோர் ஏமாறுவது இதில்தான். "இறைச்சி வேண்டாம்" என்று மட்டும் சொன்னால் கறித்துண்டை எடுத்துவிட்டு அதே குழம்பைத் தருவார்கள். மீன் சாறு (நாம் ப்லா), இறால் விழுது (கப்பி), சிப்பிச் சாறு மூன்றும் உப்பு போலப் புழங்கும் பொருள்கள். காய்ப் பொரியலிலும் இருக்கும், மிளகாய்த் துவையலிலும் இருக்கும். புக் பண்ணும்போதே "கின் ஜே" என்று எழுத்தில் கொடுங்கள். பால், முட்டை, மீன் சாறு, பூண்டு, வெங்காயம்கூட இல்லாத சாப்பாடு அது. "மங்சவிரத்" என்றால் முட்டை வரும்.

பிறகு, முதல் நாள் காலை சந்தையில் கைடு சாமான் வாங்கும்போது கூடவே நில்லுங்கள். சமைப்பது அவர்தான், மூன்று நாளைக்கும் அங்கேயே வாங்கிவிடுவார். டோஃபு, முட்டைக்கோஸ், பூசணி, பீன்ஸ், காளான், நாம் ப்லாவுக்குப் பதில் சோயா சாஸ் ஒரு பாட்டில் என்று எடுத்துப் போடுங்கள். மலை ஏறிய பிறகு சொல்லிப் பயனில்லை. பாக்கெட் நூடுல்ஸில் மசாலாப் பொடி பன்றியிறைச்சிச் சுவையிலோ இறால் சுவையிலோ வரும். வெறும் நூடுல்ஸை மட்டும் வேகவைத்துத் தரச் சொல்லலாம்.

கரென் வீடுகளில் நம்மைப் போலச் சாதாரணப் பச்சரிசிச் சோறுதான். அதனால் பருப்புப்பொடி 100 கிராம், புளிக்காய்ச்சல் ஒரு சிறு டப்பா இருந்தால் உங்கள் இருவருக்கும் மூன்று நாள் ஓடிவிடும். எண்ணெய் கசியாமல் இரட்டைக் கவரில் கட்டுங்கள். வறுத்த வேர்க்கடலை, கடலைமிட்டாய், பேரீச்சை ஆளுக்குக் கால் கிலோ. நடக்கும்போது ஒன்றரை மணி நேரத்துக்கு ஒரு கை சாப்பிட்டால் போதும்.

இரவைப் பற்றி. கரென், லாகு வீடுகள் கால் நட்டு உயர்த்தியவை, தரை மூங்கில் தப்பை. மெல்லிய பாய், போர்வை, கொசுவலை தருவார்கள். டிசம்பர், ஜனவரியில் இரவு 10 டிகிரிக்குக் கீழே போவது சாதாரணம். குளிர் மேலிருந்து வராது. தப்பைகளின் இடைவெளி வழியே கீழிருந்து ஏறும். தரும் போர்வையில் இரண்டு இருந்தால் ஒன்றை மடித்து அடியில் போடுங்கள், மேலே போட்டால் வீண். தடித்த சாக்ஸ், குரங்குக் குல்லா, ஒரு ஸ்வெட்டர் கட்டாயம். போர்வைகளை ஒவ்வொரு குழுவுக்கும் துவைக்க முடியாது, ஆகவே பழைய பருத்திப் புடவையை இரண்டாக மடித்துத் தைத்து உறை போல எடுத்துப் போங்கள். எடை அரைக் கிலோ வராது.

அடுப்பு வீட்டுக்குள்ளேயே இருக்கும், மரச்சட்டத்தில் மண் கொட்டி அதன்மேல் எரிப்பார்கள். புகை கூரை வழியாகத்தான் போகும். யாருக்காவது இழுப்பு உண்டென்றால் இன்ஹேலர் கையோடு இருக்கட்டும், படுக்கையை அடுப்புக்கு எதிர் மூலையில் போடச் சொல்லுங்கள். வீட்டுக்கு அடியில் பன்றியும் கோழியும் கட்டியிருப்பார்கள். சேவல் மூன்று மணிக்கே கூவும். காதில் பஞ்சு வைத்துக்கொள்ளலாம்.

ஒற்றையடி:
அப்பாவைப் பற்றித்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும். ஏறுவதற்கு மூச்சு போதும், மெதுவாகப் போனால் ஏறிவிடுவார். முட்டியைப் பதம் பார்ப்பது இரண்டாம், மூன்றாம் நாள் இறக்கம். தொடை முன்தசை சமதரை நடையில் அந்த வேலைக்குப் பழகியிருக்காது. இறங்கும்போது தசை நீண்டபடியே எடையைத் தாங்க வேண்டும். பழகாத தசை அதில்தான் கிழிபட்டு மறுநாள் விறைக்கும். கிளம்புவதற்கு ஆறு வாரம் முன்பே தொடங்கி, வாரத்தில் நான்கு நாள், நான்கு மாடிப் படிக்கட்டை ஐந்து முறையிலிருந்து பத்து முறை வரை ஏறி இறங்கட்டும். லிஃப்டில் இறங்கக் கூடாது, இறங்குவதுதான் பயிற்சியே. கடைசி இரண்டு வாரம் முதுகில் 5 கிலோ. அங்கே போனதும் ஊர்க்காரரிடம் கேட்டால் நெஞ்சு உயரத்துக்கு மூங்கில் கம்பு வெட்டித் தருவார். இறக்கத்தில் கம்பு முன்னே, கால் பின்னே.

வழக்கமாக இரண்டாம் நாள்தான் நீளம், 4 முதல் 6 மணி நேர நடை. காட்டுப் பாதையில் மணிக்கு 2 கிலோமீட்டர் என்றே கணக்கு வையுங்கள். அப்பாவைக் கைடுக்கு அடுத்த ஆளாக நடக்க விடுங்கள். கடைசியில் விட்டால் முன்னால் போனவர்கள் நின்று ஓய்வெடுத்து, அவர் வந்து சேர்ந்ததும் கிளம்புவார்கள். அவருக்கு ஓய்வே கிடைக்காது.

காலணி புதிதாக வாங்கினால் குறைந்தது 50 கிலோமீட்டர் நடந்த பிறகே கொண்டுபோங்கள். அடிப்பாகத்தில் ஆழமான பற்கள், பற்களுக்கு நடுவே அகலமான இடைவெளி வேண்டும். நெருக்கமாக இருந்தால் களி அடைத்துக்கொள்ளும். நகத்தை மூன்று நாள் முன்பே வெட்டுங்கள். இறக்கத்தில் விரல் முன்னே போய் இடித்து நகம் கறுக்கும், அதனால் கணுக்காலருகே கயிற்றை இறுக்கிக் கட்டிக் குதிகாலைப் பின்னால் நிறுத்த வேண்டும். ஓடையைக் கடக்கும்போது சாக்ஸைக் கழற்றிவிட்டு ஷூவோடு இறங்குங்கள், பிறகு காய்ந்த சாக்ஸ். ஈர சாக்ஸ்தான் கொப்புளத்துக்குத் தாய். தோல் எரியத் தொடங்கிய நிமிடமே நின்று பிளாஸ்திரி ஒட்டுங்கள், ஊர் போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டால் மறுநாள் நடக்க முடியாது.

அட்டை டிசம்பரில் குறைவு, ஓடைக் கரையில் மட்டும் இருக்கலாம். கடித்தால் தீக்குச்சி, உப்பு எதுவும் வேண்டாம். அது வயிற்றில் உள்ளதைக் காயத்தில் கக்கிவிடும். மெல்லிய முனைதான் வாய் இருக்கும் பக்கம். அந்த இடத்துத் தோலை ஒரு கையால் இழுத்துப் பிடித்து, மறு கை நகத்தால் அந்த முனையைப் பக்கவாட்டில் தள்ளினால் பிடி விடும். உடனே மறு முனையையும் அதேபோல் தள்ளி, சுண்டி எறியுங்கள். ரத்தம் உறையாமல் இருக்க அது ஒரு பொருளைச் செலுத்தியிருக்கும், அதனால் சில மணி நேரம் கசிவது இயல்பு. சோப்பு போட்டுக் கழுவித் துணி கட்டினால் போதும்.

பச்சை நிறக் குழிவிரியன் மூங்கில் கிளையில் கை எட்டும் உயரத்தில் சுருண்டு கிடக்கும். பிடிமானத்துக்கு மூங்கிலைப் பிடிக்கும் முன் பாருங்கள். பிளந்த மூங்கிலின் விளிம்பும் கத்திபோல் அறுக்கும். பாம்பு கடித்தால் கட்டுப் போட்டு இறுக்குவது, கீறுவது கூடாது. அந்தக் கையையோ காலையோ அசையாமல் வைத்து, நடக்க விடாமல் தூக்கிப் போக வேண்டும். நாய் கடித்தால் 15 நிமிடம் சோப்பும் ஓடும் நீரும் விட்டுக் கழுவி, அன்றே திரும்பி ஆஸ்பத்திரி போங்கள். டிரெக் முடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது.

மலேரியா, நீங்கள் சொல்லும் வழிகளில் குறைவு. மியான்மர் எல்லையை ஒட்டிய மே ஹோங் சோன், தாக் மாகாணக் காடுகளில்தான் அதிகம். அங்கே போவதானால் டாக்டரிடம் இடத்தின் பெயரைச் சொல்லி மாத்திரை கேளுங்கள்; அந்த எல்லையில் மெஃப்ளோகுயின் மருந்துக்குப் பணியாத வகை உண்டு. எங்கே போனாலும் மாலையில் முழுக்கை, கொசு மருந்து.

தேனருவி:
எவ்வளவு விவரம்! மிக்க நன்றி. தம்பியிடம் பேசிவிட்டேன், ஜனவரிக்கு மாற்றுகிறோம். இன்னும் இரண்டு கேள்வி. ஊர்க் குழந்தைகளுக்கு சாக்லேட், பேனா எடுத்துப் போகலாமா? தண்ணீர் குடிக்கலாமா?

மலைமுகடு:
குழந்தைகளுக்கு எதுவும் கையில் கொடுக்க வேண்டாம். பார்த்தவர்களிடமெல்லாம் கை நீட்டும் பழக்கம் அப்படித்தான் வருகிறது. பல் வைத்தியர் பக்கத்தில் இருக்கும் ஊர்களும் அல்ல அவை. கொடுக்க விரும்பினால் அங்கே நெய்த துணியோ பையோ பேரம் பேசாமல் வாங்குங்கள், கரென் பெண்களின் தறி நெசவு அருமையானது. தங்கும் வீட்டுக்குச் சமையல் எண்ணெய், உப்பு, சோப்பு என்று சந்தையில் வாங்கி, வீட்டுப் பெரியவர் கையில் கொடுக்கலாம்.

ஊர் வாசலில் மூங்கில் சிம்புகளை நட்சத்திரம்போல் பின்னிக் கம்பில் மாட்டியிருந்தால், உள்ளே சடங்கு நடக்கிறது, வெளியார் வரக் கூடாது என்று பொருள்படலாம். கைடு கேட்டு வரும்வரை நில்லுங்கள். அகா ஊர்களின் மர நுழைவாயிலைத் தொடவே கூடாது. வீட்டில் அடுப்பைத் தாண்டக் கூடாது, பூஜை மாடத்தில் பை மாட்டக் கூடாது. படம் எடுப்பதற்கு முன் முகம் பார்த்துக் கேளுங்கள்.

தண்ணீர் ஓடையிலிருந்து குழாயில் வருவது. காய்ச்சியதுதான் குடிக்க வேண்டும், அல்லது குளோரின் மாத்திரை போட்டு 30 நிமிடம். மாலை சமைக்கும்போதே ஒரு பெரிய கெட்டில் கொதிக்க வைத்துத் தரச் சொல்லி, ஆளுக்கு 2 லிட்டர் ஆறவைத்து நிரப்பிவிடுங்கள். காலையில் கேட்டால் சூட்டோடு தூக்க வேண்டியிருக்கும். ஓ.ஆர்.எஸ். ஆளுக்கு நான்கு பாக்கெட். மொத்த மூட்டை 6 கிலோவுக்குள், மீதியைச் சியாங் மாய் விடுதியில் வைத்துவிடலாம். பாஸ்போர்ட் நகல் பையில் இருக்கட்டும், வழியில் சோதனைச் சாவடி உண்டு. ஆம்புலன்சுக்கு 1669, சுற்றுலாப் போலீசுக்கு 1155. சிக்னல் மலை முகட்டில்தான் கிடைக்கும், எந்த இடத்தில் கிடைக்கும் என்று ஊர்க்காரரிடம் முதல் நாளே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.