எக்ஸ்ரே இயந்திரம் வாங்குவதற்கு முன்னால்: ஊர் ஆஸ்பத்திரி பற்றி என் கருத்து

அன்புள்ள ஊர்ச் சொந்தங்களுக்கு வணக்கம்.

பொங்கல் கூட்டத்துக்குப் பிறகு சிங்கப்பூர் ஜூரோங் மாமா போட்ட மடலையும் அதற்கு வந்த பதில்களையும் படித்தேன். நம்ம ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு, வெளிநாட்டில் இருக்கிற நம் ஊர்ச் சங்கம் சார்பில் எக்ஸ்ரே இயந்திரம் வாங்கிக் கொடுப்பது என்று கிட்டத்தட்ட முடிவாகிவிட்டது போலிருக்கிறது. நான் இங்கிலாந்தில் ஒரு சிறு நகரத்து ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிற வேலையில் இருப்பதால் சிலர் தனியாகவும் கேட்டார்கள். எல்லோருக்கும் பொதுவாகவே எழுதிவிடுகிறேன். கொஞ்சம் நீளம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இயந்திரத்துக்குப் பணம் கட்டுவதற்கு முன்னால், அதை இயக்குகிற ஆள் யார், வாரத்தில் எந்தெந்த நாள், எந்த நேரம் இருப்பார் என்பது நமக்கு எழுத்தில் தெரிய வேண்டும். அது தெரிகிற வரைக்கும் சேர்ந்திருக்கிற பணத்தை, காயத்துக்கும் முறிவுக்கும் கட்டு கட்டுகிற அறைக்குச் செலவழிக்கலாம். இதுதான் நான் சொல்ல வந்தது.

இங்கே எப்படி நடக்கிறது என்று முதலில் சொல்கிறேன். இங்கிலாந்தில் சிறு ஊர்களில் சமுதாய ஆஸ்பத்திரி என்று வைத்திருக்கிறார்கள். பெரிய ஆபரேஷன் கிடையாது, தீவிர சிகிச்சை கிடையாது. சில படுக்கைகள், புறநோயாளிப் பிரிவு, சிறுகாயப் பிரிவு, பக்கத்தில் ஓர் எக்ஸ்ரே அறை, அவ்வளவுதான். சிறுகாயப் பிரிவை நடத்துவது பெரும்பாலும் இதற்கென்று கூடுதலாகப் படித்த நர்சுகள். அவர்களே காயத்தைப் பார்த்து, தையல் போட்டு, எக்ஸ்ரே எழுதி, படத்தைப் பார்த்து மாவுக்கட்டும் போட்டு அனுப்பிவிடுவார்கள். எடுத்த படம் கணினி வழியாகப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய்விடும். அங்கே அதற்கென்று இருப்பவர்கள் இன்னொரு முறை பார்த்து அறிக்கை எழுதுவார்கள். கையில் சின்ன முறிவு என்றால் ஐம்பது கிலோமீட்டர் போய்ப் பெரிய ஆஸ்பத்திரியில் மணிக்கணக்காக உட்கார வேண்டியதில்லை. ஊர்க்காரர்களுக்கு இதன் அருமை நன்றாகத் தெரியும்.

ஆனால் இங்கேயும் சண்டை எதற்குத் தெரியுமா? நேரத்துக்குத்தான். சிறுகாயப் பிரிவு இரவு வரை திறந்திருக்கும், எக்ஸ்ரே அறை சாயங்காலமே பூட்டிவிடும் என்பது பல இடங்களில் வழக்கம். சனி ஞாயிறில் சில இடங்களில் எக்ஸ்ரேயே கிடையாது. விளையாட்டில் அடிபட்ட பிள்ளைகள் வருவதே சாயங்காலமும் சனிக்கிழமையும்தான். அவர்களுக்குக் கையைக் கழுத்திலிருந்து தொங்கவிடுகிற தொட்டில் கட்டு போட்டு, வலி மாத்திரை கொடுத்து, காலையில் வா என்றுதான் அனுப்ப வேண்டியிருக்கிறது. இயந்திரம் நல்ல நிலையில் அங்கேயேதான் நிற்கிறது, ஆள்தான் இல்லை. 2017-க்குப் பிறகு இங்கிலாந்து அரசு இப்படிப்பட்ட பிரிவுகளை ஒரே மாதிரி ஆக்கி, நாளுக்குக் குறைந்தது 12 மணி நேரம் திறந்திருக்க வேண்டும் என்று விதி வைத்ததற்கு இந்தக் குழப்பமும் ஒரு காரணம்.

இன்னொன்றையும் இங்கேதான் நெருங்கிப் பார்த்தேன். சைக்கிளிலிருந்து விழுந்து, உள்ளங்கையை ஊன்றிய ஒரு பையன் வருகிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். நர்ஸ் அவன் கட்டை விரலை விரிக்கச் சொல்வார். விரலின் அடியில், மணிக்கட்டுப் பக்கம் ஒரு குழி விழும். அந்தக் குழிக்குள் தன் விரல் நுனியை வைத்து மெதுவாக அழுத்துவார். பையன் முகம் சுளித்தால் போதும், உள்ளே இருக்கிற ஸ்காபாய்டு என்ற சின்ன எலும்பு உடைந்திருக்கலாம் என்று எடுத்துக்கொள்வார். நான் படம் எடுப்பேன். படத்தில் ஒன்றுமே தெரியாது. ஆனாலும் கட்டைவிரலையும் சேர்த்துக் கட்டு போட்டு, பத்துப் பதினான்கு நாள் கழித்துத் திரும்ப வரச் சொல்வார்கள். அந்த எலும்பு முறிவு சில சமயம் முதல் நாள் படத்தில் ஒளிந்துகொள்ளும். கவனிக்காமல் விட்டால், ரத்த ஓட்டம் போய் எலும்பு கூடாமலே நின்றுவிடலாம், அப்புறம் பிள்ளைக்குக் காலத்துக்கும் மணிக்கட்டு வலி. படத்தை மட்டும் நம்பியிருந்தால் ‘ஒன்றும் இல்லை, போ’ என்று சொல்லியிருப்பார்கள்.

இதற்கு நேர்மாறும் உண்டு. கால் பிசகினால் எல்லோருக்கும் எக்ஸ்ரே தேவையில்லை. கனடாவில் ஒட்டாவா நகரத்து மருத்துவர்கள் 1992-இல் ஒரு எளிய விதி கொடுத்தார்கள். கணுக்காலின் இரண்டு பக்கத்து எலும்பு முண்டுகளின் பின்விளிம்பிலோ நுனியிலோ அழுத்தினால் வலிக்கிறதா, அடிபட்ட உடனேயும் ஆஸ்பத்திரியிலும் நான்கு எட்டு வைக்க முடிகிறதா என்று பார்க்க வேண்டும். எலும்பில் வலி இல்லை, நடக்கவும் முடிகிறது என்றால் கணுக்காலில் முறிவு இருக்க வாய்ப்பு மிகக் குறைவு. பாதத்துக்கும் இதே மாதிரி இரண்டு இடங்கள் சொல்லியிருக்கிறார்கள். உலகம் முழுக்க இதைப் பின்பற்றுகிறார்கள். இதற்குச் செலவு என்று எதுவும் இல்லை, சொல்லிக்கொடுக்க ஓர் ஆள் இருந்தால் போதும்.

சரி, நம்ம ஊருக்கு வருகிறேன்.

நம்ம பக்கம் அடிபட்டு வருகிறவர்கள் யார்? தென்னை ஏறுகிறவர்கள், தேங்காய் உரிக்கும்போது கையைக் கிழித்துக்கொண்டவர்கள், அரிவாள் பட்டவர்கள், ஈசிஆரில் டூவீலரில் சறுக்கியவர்கள், பாத்ரூமில் வழுக்கிய ஆத்தாமார்கள், மாமரத்திலிருந்து விழுந்த பிள்ளைகள். இவர்களில் தென்னையிலிருந்து விழுந்தவரையும், இடுப்பு எலும்பு முறிந்த ஆத்தாவையும் நம்ம ஊரில் எக்ஸ்ரே இருந்தாலும் இல்லாவிட்டாலும் பெரிய ஆஸ்பத்திரிக்குத்தான் அனுப்ப வேண்டும். விழுந்த ஆத்தாவுக்கு ஒரு கால் குட்டையாகி, பாதம் வெளிப்பக்கம் திரும்பிக் கிடந்தால் இடுப்புதான். படத்துக்காகக் காத்திருக்காமல் 108-ஐக் கூப்பிட வேண்டியதுதான். மரத்திலிருந்து விழுந்தவரைக் கையைக் காலைப் பிடித்துத் தூக்கி ஆட்டோவில் மடித்து உட்கார வைப்பதை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். முதுகெலும்பு முறிந்திருந்தால் அந்த ஒரு தூக்கலிலேயே கால் விளங்காமல் போய்விடலாம். பலகையில் அசையாமல் படுக்க வைத்துக் கொண்டுபோக வேண்டும்.

மீதிப் பேருக்கு, அதாவது கை முறிவு, விரல் முறிவு, வெட்டுக்காயக்காரர்களுக்கு, ஊரிலேயே பார்க்க முடிந்தால் பெரிய நிம்மதி. இப்போது அவர்களும் டவுனுக்குத்தான் ஓடுகிறார்கள். ஒரு நாள் கூலி போய்விடுகிறது, பஸ்ஸும் ஆட்டோவுமாகக் காசும் போய்விடுகிறது. அதனால் ஜூரோங் மாமாவின் எண்ணம் நல்ல எண்ணம் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

ஆனால் இயந்திரம் வந்து இறங்கினால் மட்டும் போதாது. இந்தியாவில் எக்ஸ்ரே இயந்திரம் எதுவாக இருந்தாலும் மும்பையில் இருக்கிற அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தின் அனுமதி வேண்டும். 2004-ஆம் ஆண்டு கதிர்வீச்சுப் பாதுகாப்பு விதிகள் அப்படிச் சொல்கின்றன. வாரியம் ஒப்புதல் கொடுத்த மாடலாக இருக்க வேண்டும். கதிர் நேராகப் படுகிற சுவர் 35 சென்டிமீட்டர் செங்கல் கனம், மற்ற சுவர்கள் 23 சென்டிமீட்டர், கதவில் ஈயத்தகடு என்று கணக்கு இருக்கிறது. கதிர்வீச்சுப் பாதுகாப்பு அலுவலர் என்று ஒருவரைக் காட்ட வேண்டும், வேலை செய்கிறவருக்கு உடலில் பட்ட கதிர் அளவைக் காட்டும் பேட்ஜ் வேண்டும், இரண்டு வருடத்துக்கு ஒரு முறை தரச் சோதனை வேண்டும். துபாய் அண்ணன் யோசனை சொன்ன மாதிரி, இங்கே வெளிநாட்டில் கழித்த பழைய இயந்திரத்தை வாங்கிக் கப்பலில் அனுப்புவதை நான் முழுக்க எதிர்க்கிறேன். அனுமதி கிடைப்பதும் கஷ்டம், பழுதானால் உதிரிப் பாகம் கிடைப்பதும் கஷ்டம்.

இதைப் படித்துவிட்டு எக்ஸ்ரே என்றாலே ஆபத்து என்று யாரும் பயப்பட வேண்டாம். ஒரு நெஞ்சுப் படத்துக்கு உடலில் படுகிற கதிர்வீச்சு சுமார் 0.02 மில்லிசீவர்ட் (கதிர்வீச்சை அளக்கிற அலகு). மண்ணிலிருந்தும் வானத்திலிருந்தும் நமக்கு இயற்கையாகவே வருடத்துக்கு 2.4 மில்லிசீவர்ட் அளவுக்கு வருகிறது. கை, கால் படங்களுக்கு நெஞ்சுப் படத்தைவிடவும் குறைவு. பாதுகாப்பு விதிகள் முக்கியமாக, நாள் முழுக்க அந்த அறையில் நிற்கிற ஊழியருக்காகவும் சுவருக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறவர்களுக்காகவும்தான்.

அடுத்தது ஆள். ஆரம்ப சுகாதார நிலையம் பொது சுகாதாரத் துறையின் கீழ் வருகிறது, தாலுகா ஆஸ்பத்திரி வேறு இயக்ககத்தின் கீழ். நம்முடையது வட்டாரத் தலைமை நிலையம், முப்பது படுக்கை கொண்டது என்பதால் எக்ஸ்ரே கேட்பது நியாயமானதே. ஆனால் ரேடியோகிராபர், அதாவது எக்ஸ்ரே எடுக்கிறவர், பணியிடம் அரசு அனுமதித்தால்தான் உண்டு, ஆளை எடுப்பது மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம். நாம் சம்பளம் கொடுத்து ஒருவரை உட்கார வைப்பது ஒரு வருடம் நடக்கும், இரண்டு வருடம் நடக்கும். அப்புறம்? இயந்திரம் இருந்து ஆள் இல்லாத அறை, பெட்டி பிரிக்காத பொருட்களைப் போட்டு வைக்கிற ஸ்டோர் ரூமாகிவிடும். பல ஊர்களில் இதைப் பார்த்திருக்கிறோம்.

அதனால்தான் கட்டு கட்டுகிற அறையை முதலில் எடுக்கலாம் என்கிறேன். நல்ல வெளிச்சம், குழாயில் எப்போதும் தண்ணீர், சாமான்களைக் கிருமி நீக்கக் கொதிநீராவிக் கருவி, தையல் சாமான் செட்டுகள் கூடுதலாக, பிள்ளைகள் அளவிலும் பெரியவர்கள் அளவிலும் முறிந்த எலும்பை அசையாமல் வைக்கிற சிம்புகள், மாவுக்கட்டுத் துணி, முதுகெலும்புப் பலகை, சக்கர நாற்காலி ஏறுகிற மாதிரி வாசலில் சரிவு. கஜா புயல் அடித்த 2018 நவம்பரில் நாட்கணக்கில் கரண்ட் இல்லாமல் டார்ச் வெளிச்சத்தில் தையல் போட்டதாக ஊரில் சொல்வார்கள். எனவே இன்வெர்ட்டரும் பட்டியலில் இருக்கட்டும். இதற்கெல்லாம் மும்பை அனுமதி தேவையில்லை, நாளைக்கே பயன்படும். தென்னை ஏறுகிற நம்ம ஆட்களுக்குத் தென்னை வளர்ச்சி வாரியத்தின் கேரா சுரக்ஷா காப்பீடு இருக்கிறது. பலருக்கு அது தெரியாது. சங்கம் முன்நின்று எழுதிக் கொடுத்தால் அதுவும் பெரிய உதவி.

எலும்பு வைத்தியர்கள் பற்றி ஒரு வார்த்தை. நம்ம பக்கம் முறிவு என்றாலே நாட்டுக் கட்டுக்குப் போவது வழக்கம், அவர்கள் மேல் மக்களுக்கு நம்பிக்கை இருக்கிறது, அதை நான் குறை சொல்ல வரவில்லை. எங்கே கட்டினாலும் ஒன்றை மட்டும் வீட்டில் சொல்லி வையுங்கள். கட்டு போட்ட பிறகு விரல்கள் நீலமானாலோ, மரத்துப் போனாலோ, விரலை நீட்டினால் உயிர் போகிற மாதிரி வலித்தாலோ, உடனே கட்டைத் தளர்த்தி ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். காலை வரை காத்திருக்கக் கூடாது. சில மணி நேரத்தில் தசை செத்துவிடும்.

ஈசிஆர் விபத்து பற்றியும் வெளிநாட்டில் இருக்கிற நாம் தெரிந்து வைத்திருக்க வேண்டும். 2021 டிசம்பரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48’ திட்டத்தில், சாலை விபத்தில் அடிபட்டவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சை பட்டியலில் உள்ள அரசு, தனியார் ஆஸ்பத்திரிகளில் இலவசம். தொடங்கியபோது 1 லட்சம் ரூபாய் வரை என்று வைத்தார்கள். இரவில் ஊரிலிருந்து போன் வந்தால் பதறிப்போய் பணம் அனுப்புவதற்கு முன்னால், இந்தத் திட்டத்தில் சேர்த்தார்களா என்று ஒரு கேள்வி கேளுங்கள்.

கடைசியாகப் பணம். நம்மில் இந்தியப் பாஸ்போர்ட் வைத்திருப்பவர்கள் தங்கள் சொந்தச் சேமிப்பிலிருந்து வங்கி வழியாக அனுப்புவது வெளிநாட்டு நன்கொடையாகக் கருதப்படாது. சிங்கப்பூர், பிரிட்டன், அமெரிக்கக் குடியுரிமை வாங்கியவர்கள் கொடுப்பது அப்படி அல்ல. வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கிய இந்திய வம்சாவளியினருக்குக் கொடுக்கிற ஓசிஐ அட்டை இருந்தாலும் அது வெளிநாட்டு நன்கொடைச் சட்டத்துக்குள்தான் வரும். இரண்டு பணத்தையும் ஒரே கணக்கில் போட வேண்டாம் என்று பொருளாளர் சித்தப்பாவைக் கேட்டுக்கொள்கிறேன். ஆஸ்பத்திரியின் நோயாளர் நலச் சங்கம் வழியாகக் கொடுக்கலாமா, அறை கட்டுவதை, மக்களும் பங்கு போடுகிற அரசின் ‘நமக்கு நாமே’ திட்டத்தில் கொண்டுவர முடியுமா என்று ஊரில் இருப்பவர்கள் ஒன்றியத்தில் விசாரித்துச் சொல்லுங்கள்.

சித்திரைத் திருவிழாவுக்கு ஊருக்குப் போகிறவர்கள் வட்டார மருத்துவ அலுவலரைப் பார்த்து மூன்று விஷயங்களை எழுதி வாங்கி வாருங்கள். ரேடியோகிராபர் பணியிடம் இருக்கிறதா, இருந்தால் ஆள் வந்திருக்கிறாரா. எக்ஸ்ரே அறைக்கு இடம் எது, அதன் சுவர்க் கனம் என்ன. எடுத்த படத்தைப் பார்த்துச் சொல்லப் போவது யார். அந்தப் பதில்கள் வந்தபிறகு, எந்த மாடல், டிஜிட்டலா, பராமரிப்பு ஒப்பந்தம் எத்தனை வருடம் என்ற பட்டியலை நானே உட்கார்ந்து தயாரித்து அனுப்புகிறேன். கட்டு கட்டும் அறைக்கான சாமான் பட்டியலை இந்த வாரமே குழுவில் போட்டுவிடுவேன். விட்டுப்போனதை ஊரில் இருக்கிற நர்ஸ் அக்காவிடம் கேட்டு யாராவது சேர்த்துவிடுங்கள்.

அன்புடன்,
மேலத்தெரு வீட்டுப் பெண்,
இங்கிலாந்திலிருந்து