2023 கோப்பை 1978 கோப்பைக்கு ஈடாகுமா?

கடைசிக்கெஜம்:
2023 டிசம்பர் 16, அட்லாண்டா. அமெரிக்கன் ஃபுட்பாலில், செலிப்ரேஷன் பவுல் என்ற கல்லூரி ஆட்டத்தில், ஃப்ளோரிடா ஏ அண்ட் எம் என்ற கறுப்பினக் கல்லூரி 14-0 என்று பின்தங்கி, எழுந்து வந்து ஹாவர்டை 30-26 என்று சாய்த்தது. நம்ம ஊர் நேரம் இரவு பத்தரைக்குத் தொடங்கிய ஆட்டம், கண் அசராமல் பார்த்தேன். சீசன் முழுக்க 13 ஆட்டத்தில் ஒரே தோல்வி. ஆனாலும் ‘தேசிய சாம்பியன்’ என்று கொண்டாடுவதை ஏற்க முடியவில்லை. அது கறுப்பினக் கல்லூரிகளின் இரண்டு லீக்குகள், ஸ்வாக்கும் மீயாக்கும், தங்கள் சாம்பியன்களை மோதவிடும் ஒற்றை ஆட்டம். அதே டிசம்பர் 16-இல், 1978-இல், டெக்சாஸின் விச்சிட்டா ஃபால்ஸில் இதே கல்லூரி மாசசூசெட்ஸை 35-28 என்று வென்று ஒன்-ஏஏ என்ற அன்றைய இரண்டாம் நிலைப் பிரிவின் முதல் சாம்பியன் ஆனது. இன்றுவரை வேறெந்தக் கறுப்பினக் கல்லூரியும் அதை வென்றதில்லை. இப்போது அதே பட்டத்துக்கு 24 அணி நாக்-அவுட் நடக்கிறது. அதில் ஆடாமல் என்ன தேசியப் பட்டம்?

தவில்காரன்:
அண்ணா, 1978-இல் மொத்தமே 4 அணிதான். அரையிறுதியில் 15-10 என்று தோற்றது யார்? ஜாக்சன் ஸ்டேட், அதுவும் கறுப்பினக் கல்லூரி. ஒரே ஒரு வெளி அணியை வென்றதால் அது பெரிசு, இது சிறிசா?

கடைசிக்கெஜம்:
தம்பி, எண்ணிக்கையை விடுங்கள், காலத்தைப் பாருங்கள். 1964 டோக்கியோவில் 100 மீட்டர் தங்கம் வென்ற பாப் ஹேய்ஸ் இந்தக் கல்லூரி அணியில் ஆடியவர். தெற்கின் பெரிய வெள்ளைப் பல்கலைக்கழகங்கள் அன்று கறுப்பினப் பையன்களைச் சேர்க்கவில்லை; திறமையெல்லாம் இங்கே வந்தது. 1978-க்குள் அந்தக் கதவுகள் திறந்து, நல்ல பையன்களை அவர்களே அள்ளிக்கொண்டு போனார்கள். மிச்சம் இருந்தவர்களை வைத்துத்தான் அன்றைய பயிற்சியாளர் ரூடி ஹப்பர்ட் ஜெயித்தார். இறுதியாட்டத்தில் மைக் சாலமன் ஒருவரே பந்தைச் சுமந்து 200 கெஜத்துக்கு மேல் ஓடினார். அடுத்த வருஷம் பெரிய பிரிவில் ஆடும் மயாமி பல்கலைக்கழகத்தையே 16-13 என்று கவிழ்த்தார்கள்.

மேளச்சத்தம்:
நாக்-அவுட்டுக்குப் போகச் சொல்வது சுலபம். அது தொடங்குவது நவம்பர் கடைசியில், அமெரிக்காவின் நன்றி நவிலல் (தேங்க்ஸ்கிவிங்) வார சனிக்கிழமை. அன்றைக்குத்தான் நியூ ஆர்லியன்ஸில் ஸ்வாக் லீக்கின் கிராம்ப்ளிங்கும் சதர்னும் மோதும் பேயூ கிளாசிக். ஊரே திரளும், இடைவேளையில் பேண்டு வாத்தியப் போட்டி பார்க்கவே குடும்பம் குடும்பமாக வருவார்கள். அதை விட்டுவிட்டு எங்கோ குளிரில் காலி மைதானத்தில் ஆடணுமா? திருவிழாவை யாராவது தள்ளிவைப்பார்களா?

தவில்காரன்:
அதோடு, 2021-இல் ஃப்ளோரிடா ஏ அண்ட் எம் நாக்-அவுட்டுக்குப் போனது. முதல் சுற்றிலேயே சவுத்ஈஸ்டர்ன் லூசியானாவிடம் 38-14 என்று தோல்வி. பயிற்சியாளர் 2023-இல் கோப்பை வென்ற இதே வில்லி சிம்மன்ஸ்தான்.

கடைசிக்கெஜம்:
தோற்றால் என்ன? போனார்களே, அதுதான் எனக்குப் பெரிசு. திருவிழா விஷயத்தில் மேளச்சத்தம் சொல்வது நியாயம், அதை நான் யோசிக்கவில்லை. ஆனால் இதையும் பாருங்கள். கோப்பையைத் தூக்கி இரண்டு வாரம் சொச்சம்தான் ஆகியிருந்தது... 2024 ஜனவரி 1 அன்று சிம்மன்ஸ் பெரிய பிரிவில் ஆடும் டியூக் பல்கலைக்கழகத்துக்குப் போய்விட்டார். தலைமைப் பயிற்சியாளராக இல்லை, பந்தைச் சுமந்து ஓடும் ரன்னிங் பேக்குகளுக்கு மட்டுமான உதவிப் பயிற்சியாளராக. 12 வெற்றி கொடுத்தவரைத் தக்கவைக்க முடியாத பட்டத்தை எப்படி அண்ணா 1978-க்குப் பக்கத்தில் வைப்பது?

மேளச்சத்தம்:
அது பட்டத்தின் குறை இல்லை, பணத்தின் குறை. 2023-இல் ஃப்ளோரிடா ஏ அண்ட் எம் நாக்-அவுட் ஆடியிருந்தாலும் டியூக் அதே சம்பளம் தந்திருக்கும்.