லிஸ்டில் ஏறிய பெயர்

ராத்திரி வண்டிச் சோதனையில் வடசென்னை முகவரியைச் சொன்னதும் 'சார்' போய் 'டேய்' வந்துவிடும். அது எங்களுக்குப் பழகிவிட்டது. அக்கா மகனுக்கு நடந்தது வேறு.

அவன் பாரிமுனையில் ஒரு கடையில் பார்சல் கட்டுகிறான். தெருவில் ஒரு ரவுடிக்குப் பிறந்தநாள். பட்டாக்கத்தியால் கேக் வெட்டி ரீல்ஸும் போட்டார்கள். 'அண்ணன் கூப்பிடறாரு' என்று ஆள் வந்து நின்றால் எங்கள் தெருவில் வரமாட்டேன் என்று சொல்ல முடியாது. போனான், ஓரமாக நின்றான், வீடியோவில் விழுந்தான். பிறந்தநாள்காரன் அன்றே தலைமறைவு. விடிவதற்குள் போலீஸ் வந்து, வீட்டில் தூங்கிக்கொண்டிருந்த இவனைத் தூக்கிப் போனது.

ஸ்டேஷனில் போய்க் கேட்டால், "அப்படி யாரையும் கொண்டு வரலையே" என்றார் பாரா நின்ற போலீஸ்காரர். அக்கா எதுவும் பேசாமல் பெஞ்சுக்கு அடியில் கையைக் காட்டினாள். வார் அறுந்து, ஊக்கு குத்திய அவன் செருப்பு அங்கே கிடந்தது. "விசாரணைதாம்மா, சாயங்காலம் அனுப்பிடுவோம்" என்று அப்புறம்தான் பேச்சு மாறியது.

தெரிந்த வக்கீல் ஒருவர், எத்தனை மணிக்கு, யார் கூட்டிப்போனார்கள் என்று எழுதி உடனே கமிஷனர் அலுவலகத்துக்கு மெயில் போடச் சொன்னார். பின்னால் நேரத்துக்கு அதுதான் ஆதாரமாம், முன்பெல்லாம் இதற்குத் தந்திதான் கொடுப்பார்களாம். 2013இல் தந்தி நின்றபோது அதிகம் வருத்தப்பட்டது கிரிமினல் வக்கீல்கள்தான் என்று சிரித்தார். எங்களுக்குச் சிரிப்பு வரவில்லை. 2022 ஏப்ரலில் கெல்லீஸ் பக்கம் வாகனச் சோதனையில் பிடிபட்ட இளைஞர் காவலில் இறந்ததும், அதில் போலீஸ்காரர்களே கைதானதும்தான் மனதில் ஓடிக்கொண்டிருந்தது.

ராத்திரி அனுப்பினார்கள். கன்னம் வீங்கியிருந்தது, உள்ளங்காலை ஊன்ற முடியவில்லை. 'பாத்ரூமில் வழுக்கி விழுந்து' மாவுக்கட்டோடு வராமல் தப்பினானே என்று எதிர்வீட்டு ஆயா திருஷ்டி சுற்றிப் போட்டார்.

அடி ஆறிவிட்டது. ஆறாதது, ஸ்டேஷனில் வைத்திருக்கும் ரவுடி லிஸ்டில் அவன் பெயர் ஏறியது. தேர்தல், சுதந்திர தினம், ஏரியாவில் ஒரு கொலை, எது வந்தாலும் போன் வரும்: "வந்து மூஞ்சியைக் காட்டிட்டுப் போ." முரண்டு பிடித்தால் "நூத்திப்பத்துல போட்டுடுவேன்" என்பார்கள். இனி ஒழுங்காக நடப்பேன் என்று எழுதிக் கொடுக்கும் நன்னடத்தைப் பிணைப் பத்திரத்துக்கான பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 110ஆம் பிரிவு அது, புதிய சட்டத்தில் 129. முன்பு துணை ஆணையரே விசாரித்து அந்தப் பத்திரத்தை எழுதி வாங்குவார், அதாவது புகாரும் போலீஸ், தீர்ப்பும் போலீஸ். அந்த அதிகாரம் கொடுத்த அரசாணைகளை 2023 மார்ச்சில் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. ஸ்டேஷனில் மிரட்டும் வாய்க்கு அந்தத் தீர்ப்பு இன்னும் எட்டவில்லை.

வேடிக்கை என்னவென்றால், முன்பு இவனை ஏறிட்டும் பார்க்காத 'அண்ணன்' இப்போது, "வக்கீல், பெயில் எல்லாம் நான் பார்த்துக்கறேன், கூடவே இரு" என்கிறான். ரவுடிக்கு ஆள் சேர்க்கும் வேலையைப் போலீஸே செய்துகொடுக்கிறது, வேறென்ன சொல்ல!

காவல் நிலையக் கேமராப் பதிவைக் குறைந்தது ஓராண்டாவது வைத்திருக்க வேண்டும் என்று 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அன்றைய பதிவை அழிக்க வேண்டாம் என்று மனு கொடுத்தோம். மனித உரிமை ஆணையத்துக்கும் எழுதியாயிற்று. அங்கே சம்பவம் நடந்து ஓராண்டுக்குள் புகார் போய்ச் சேர வேண்டும், தள்ளிப்போடாதீர்கள். கேமரா அன்றைக்குப் பழுது என்று ஸ்டேஷனில் வாய்வார்த்தையாகச் சொன்னார்கள். அதையே எழுத்தில் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறோம்.