கெர்ட்டி டைனோசர்: எழுத்து அட்டை இல்லாத பிரதி வேண்டும்

நண்பர்களே, அமெரிக்க கேலிச்சித்திரக்காரர் வின்சர் மெக்கே 1914இல் வரைந்த கெர்ட்டி டைனோசர் என்ற ஊமை அசைபடத்தை எங்கள் தெருப் பிள்ளைகளுக்குத் திரையிடப் போகிறேன். முதலில் காட்டியபோது மெக்கே சாட்டையோடு மேடையில் நின்று கட்டளையிடுவார். திரையில் கெர்ட்டி காலைத் தூக்கும், திட்டினால் அழும். கடைசியில் அவரே படத்துக்குள் புகுந்து அதன் மீது ஏறிப் போவார். என்ன குறும்பு!

என்னிடம் இருப்பதோ, அதே ஆண்டு திரையரங்குகளுக்காக விருந்துக் காட்சியும், அவர் பேசுவதை எழுத்தில் காட்டும் அட்டைகளும் சேர்த்த பதிப்பு. மெக்கேயின் இடத்தில் நானே நின்று பேசப்போவதால் (குரல் சுமார்தான்) அட்டைகள் வேண்டாம். வெட்டிப் பார்த்தேன், அசைவு துள்ளுகிறது. வேகமும் அதிகம். இதை எந்த மென்பொருளில் சரிசெய்யலாம்? தெளிவான பிரதி யாரிடமாவது இருக்கிறதா? சனிக்கிழமை மாலை காட்சி.