மறு: சிறகைக் காற்று கைவிடும் கணத்துக்கு என்ன சொல்? – 'பிடியிழப்பு'

அன்பின் நண்பர்களுக்கு,

திங்கட்கிழமை நான் போட்ட ஒரு கேள்விக்கு இத்தனை பேர் எழுதியிருக்கிறீர்கள், மிக்க நன்றி. புதிதாகச் சேர்ந்தவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தரம் 6, 7 பிள்ளைகளுக்காக, மனிதன் பறக்கக் கற்ற கதையை ஒரு சிறு நூலாக எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் 'ஸ்டால்' (stall) என்ற இடத்துக்கு வந்து முட்டிக்கொண்டு நிற்கிறேன். அதற்குத் தமிழில் என்ன சொல் என்பதுதான் என் கேள்வி. எதிரே வரும் காற்றுக்குச் சிறகு அளவுக்கு மீறி நிமிர்ந்துவிட்டால், மேற்புறத்தை ஒட்டி வழிந்த காற்று பிய்த்துக்கொண்டு விலகிவிடும். விமானத்தை ஏந்திய விசை சட்டென்று குறையும். பல சிறகுகளுக்கு இது ஏறத்தாழ 15 பாகையில் நடக்கிறது.

'ஸ்டால்' என்றே எழுதிவிடலாம் என்று இருவர் சொன்னீர்கள். எங்கள் பிள்ளைக்கு ஸ்டால் என்றால் கண்காட்சியில் போடும் கடை. லொறி ஓட்டும் அவன் அப்பாவுக்கு அது இஞ்சின் நின்றுபோவது. இந்த இரண்டாவது குழப்பம்தான் எனக்குப் பயம். இஞ்சினே இல்லாமல் காற்றில் மிதக்கும் மிதவை விமானத்திலும் (கிளைடர்) இது நடக்கும், இஞ்சின் முழு வேகத்தில் உறுமும்போதும் நடக்கும். 'நின்றுபோதல்', 'திணறல்' என்ற இரண்டு சொற்களையும் நான் விட்டுவிடுவது இதனால்தான்.

> 'தூக்கிழப்பு' என்றால் காரணமும் விளைவும் ஒரே சொல்லில் வந்துவிடுகிறதே?

அக்கா, முதலில் எனக்கும் அது பிடித்திருந்தது. ஆனால் 'தூக்கு' என்றதும் பிள்ளைகளுக்குத் தூக்குத் தண்டனைதான் ஞாபகம் வரும். அந்த விசைக்கு 'ஏந்துவிசை' என்று போன வாரமே பேசி முடித்ததும் அதற்காகத்தானே. (தண்ணீரில் மிதக்கும் பொருளுக்குப் பாடப்புத்தகம் சொல்லும் 'மேலுதைப்பு' இங்கே வரக்கூடாது. பலூனுக்கு அது சரி, சிறகுக்குச் சரியில்லை.) அதோடு ஏந்துவிசை வேறு காரணங்களாலும் குறையலாம். சிறகில் பனி உறைந்தாலும் குறையும், வேகம் தணிந்தாலும் குறையும். நமக்கு வேண்டியது காற்று விலகும் அந்த ஒரு கணத்துக்கு மட்டுமான பெயர்.

இனி நான் முன்வைக்கும் சொல்லுக்கு வருகிறேன். பாடசாலை முற்றத்தில் பிள்ளைகளைக் கடுதாசி விமானம் செய்யச் சொல்லி, மூக்கை நன்றாக மேலே நிமிர்த்தி எறியச் சொன்னேன். அது கொஞ்சம் ஏறி, ஒரு கணம் அப்படியே தயங்கி, தலை கவிழ்ந்து சரிந்தது. கீழே சரிந்த வேகத்தில் மறுபடியும் மிதந்தது. பின்வரிசையில் நின்ற ஒரு பிள்ளை, "பிடி விட்டுருச்சு சேர்" என்றாள். அன்று முழுக்க அந்த வார்த்தைதான் என் மனதில் ஓடிக்கொண்டிருந்தது.

மழை நாளில் சரிவில் நின்று தேயிலைக் கொழுந்து எடுக்கும் அம்மாமாருக்கு இது நன்றாகத் தெரிந்த விஷயம். கால் வழுக்கும்போது பதறி மேலே எம்பினால் இன்னும் வழுக்கும். உடம்பைத் தாழ்த்தினால் கால் மறுபடி மண்ணைப் பிடிக்கும். விமானியும் இதைத்தான் செய்கிறார். விமானம் கீழே போகிறதே என்று மூக்கை இன்னும் மேலே இழுத்தால் காரியம் கெட்டுவிடும். மூக்கைத் தாழ்த்தினால்தான் காற்று மறுபடி சிறகோடு ஒட்டும். பிள்ளைகளுக்குப் புரியவைக்கக் கடினமான இடம் இது. 'பிடியிழப்பு' என்று சொன்னதுமே பாதி புரிந்துவிடுகிறது.

> பிடி என்றால் உராய்வல்லவா ஞாபகம் வரும்? சிறகில் நடப்பது உராய்வு சம்பந்தப்பட்ட பிடிப்பு அல்லவே.

ஐயா, இது நியாயமான எதிர்ப்பு, இரண்டு நாள் யோசித்தேன். கொழுந்து மலை உவமையோடு நிறுத்தினால் நீங்கள் சொல்லும் பிழை வந்துவிடும். அதனால் 'காற்று சிறகின் வளைவைப் பிடித்துக்கொண்டு ஓடுகிறது' என்ற வாக்கியத்தையும் படத்தையும் முதலில் வைத்துவிடுகிறேன். பிடிப்பது காற்று என்று அங்கேயே தெளிவாகிவிடும். பெண் யானைக்கும் பிடி என்று பெயர் உண்டே என்று கேட்ட தம்பிக்கு: உண்டு, ஆனால் விமானப் பாடத்தில் யாரும் அப்படிப் படிக்கமாட்டார்கள்.

வரலாற்றுப் பகுதிக்கும் இந்தச் சொல் உதவுகிறது. மிதவை விமானத்தில் பறந்து காட்டிய ஜேர்மனியர் ஓட்டோ லிலியென்தால், பறந்து பழகுவதற்காகவே 1894 இல் பேர்லினுக்கு அருகே மண்ணைக் குவித்து 15 மீற்றர் உயரத்தில் ஒரு குன்று கட்டினார். ஜன்னலைத் திறந்தாலே குன்று தெரியும் எங்கள் பிள்ளைகளுக்கு இதைச் சொல்ல எனக்கு எவ்வளவு ஆசை தெரியுமா! ஏறத்தாழ 2,000 தடவை பறந்த அவர், 1896 ஆகஸ்ட் 9 அன்று சிறகு பிடியிழந்து விழுந்து, மறுநாள் இறந்தார். அந்தச் செய்தி ரைட் சகோதரர்களை உலுக்கியது. அவர்கள் மூக்கை ஏற்றி இறக்கும் தகட்டை விமானத்தின் முன்னால் வைத்தார்கள். பிடியிழந்தாலும் அவர்களுடைய மிதவை விமானம் தலைகுப்புறக் குத்தாமல் தட்டையாகத் தணிந்து இறங்கியது. 1903 டிசம்பர் 17 அன்று 12 செக்கன் பறந்ததை எல்லா நூலும் சொல்கிறது. அதற்கு முந்திய இந்தப் பயத்தையும் பாடத்தையும் நம் நூல் சொல்ல வேண்டும்.

'விழு' என்ற வேரிலிருந்து சொல் செய்வதை நான் தவிர்ப்பதற்கும் ஒரு காரணம் இருக்கிறது. எங்கள் இலங்கை மலையகத்து நோர்ட்டன் பிரிட்ஜ் பக்கம் விமானம் விழுந்தது என்றால் பெரியவர்களுக்கு 1974 டிசம்பர் 4 தான். இந்தோனேசியாவிலிருந்து ஹஜ் பயணிகளோடு வந்த விமானம் சப்த கன்னியர் மலையில் மோதி 191 பேர் மாண்டார்கள். அங்கே சிறகு பிடியிழக்கவில்லை. தரையிறங்க வந்த விமானம் மிகவும் தாழ்ந்துவிட்டது, குறுக்கே மலை நின்றது. எங்கள் பிள்ளைகள் இதை நிச்சயம் கேட்பார்கள். இரண்டையும் வேறு வேறு சொல்லால் சொன்னால்தான் நேர்மையான பதில் கொடுக்க முடியும்.

சொல் கிளைக்கவும் செய்கிறது: பிடியிழப்புக் கோணம், பிடியிழப்பு வேகம், பிடியிழப்பு எச்சரிக்கை, பிடி மீட்பு. வினையாகவும் வரும்: பிடியிழந்தது. ஹெலிகொப்டருக்கு 'உலங்குவானூர்தி' என்ற சொல் நம் நாட்டில் நிலைத்துவிட்டது. உலங்கு நுளம்புக்குப் பழைய பெயர் என்பது தெரியாமலே எல்லோரும் சொல்கிறார்கள். இதற்கு அந்த அளவுக்கு விளக்கம்கூடத் தேவைப்படாது.

சிறகா, இறக்கையா, செட்டையா என்ற பேச்சைத் தனி இழையில் வைத்துக்கொள்வோம். யாழ்ப்பாணத்து அண்ணன் 'செட்டை'க்காக வாதாடியது எனக்கு விளங்குகிறது. எங்கள் பக்கம் றெக்கைதான். நூலில் இப்போதைக்குச் சிறகு என்றே இருக்கிறது.

இந்தப் பந்தியைப் பாருங்கள்:

"சிறகை மிகவும் நிமிர்த்தினால், அதன் மேற்புறத்தைப் பிடித்து ஓடும் காற்று பிடியை விட்டுவிடும். இதுதான் பிடியிழப்பு. அப்போது விமானி மூக்கைத் தாழ்த்துவார். காற்று மறுபடி சிறகோடு சேரும்."

'மூக்கு' என்ற சொல் சரிதானா, 'முகப்பு' என்று மாற்றலாமா? வெள்ளிக்கிழமைக்குள் சொன்னால் ஓவியருக்கு அனுப்பிவிடுவேன்.

அன்புடன்,
தலவாக்கலையிலிருந்து